பதினோராம் நம்பர் ஜெர்சி

டி.வி.யில் சத்தம் வந்தது, படம் வரவில்லை.

ஹாலில் கால் வைக்க இடமில்லாமல் அடுக்ககமே கூடியிருந்தது. கடல் தாண்டிச் சுற்றுப்பயணம் போயிருக்கும் தேசியப் பெண்கள் ரக்பி அணிக்கு இன்று முதல் ஆட்டம். பதினோராம் நம்பர் ஜெர்சியில் ஓடப்போகிறவள் இந்த வீட்டு மூக்குக் கண்ணாடிக் கடைக்காரரின் மனைவி.

“டேய், என் மருமக முகம் தெரியணும்டா!” என்று கண்ணாடிக்காரரின் அம்மா பரபரத்தாள். “இதுக்குன்னே உன் பெரியம்மாவை பஸ் ஏத்தி வரவழைச்சிருக்கேன்.”

பெரியம்மா சோபாவின் நடுவில் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். “முட்டை மாதிரி ஒரு பந்து, அதுக்கு இத்தனை அடிதடியா? குடும்பப் பொண்ணு செய்யற வேலையா இது?” என்று கல்யாணப் பந்தியிலேயே கேட்டவள். அன்று வாயடைத்துப் போன அம்மா, இன்று நேரடி ஒளிபரப்பில் பதில் சொல்லக் காத்திருந்தாள்.

கண்ணாடிக்காரர் டி.வி.க்குப் பின்னால் நுழைந்து, ஒரு வயரைப் பிடுங்கி வேறு ஓட்டையில் செருகினார். படம் பளிச்சென்று வந்தது. சத்தம் போய்விட்டது.

“இதோட விட்டுடுங்க” என்றார் மேல்வீட்டுப் பல் டாக்டர். “படம் போதாதா?”

“அதெப்படி டாக்டர்? அவ பேரை வெளிநாட்டுக்காரன் வாயால சொல்லி பெரியம்மா கேக்க வேண்டாமா?”

என்ற கண்ணாடிக்காரர் ஸ்பீக்கரைத் தனியாக மாட்டினார். ‘டப்’பென்று ஒரு சத்தம், கூடவே கொஞ்சம் புகை. ஹாலில் விசிறி நின்றது. வெளியே எட்டிப் பார்த்தால் கட்டடம் முழுக்க மின்சாரம் இல்லை.

“எங்க வீட்ல இன்வர்ட்டர் இருக்கு. ஆனா டி.வி. கிடையாதே...” என்று டாக்டர் இழுத்தார்.

அவர் முடிப்பதற்குள் டி.வி. நாலு பேர் தோளில் ஏறிவிட்டது. படிக்கட்டுத் திருப்பத்தில் அது மாட்டிக்கொள்ள, “தள்ளு, சாய், தூக்கு!” என்று ஆளுக்கு ஆள் கத்தினார்கள். பின்னால் நகர்ந்த கண்ணாடிக்காரரின் காலடியில் ‘நொறுக்’கென்றது. நெரிசலில் கீழே விழுந்த பெரியம்மாவின் மூக்குக் கண்ணாடி!

“பாவி! நான் இனி எதைப் பாக்கறது?”

“நான் பாத்துச் சொல்றேன் பெரியம்மா. என்னை நம்புங்க.”

மேலே, ஊமைப் படமாக ஆட்டம் ஓடியது. அங்கே கொட்டும் மழை. மைதானம் முழுக்கச் சேறு, முகமெல்லாம் சேறு. முதுகில் நம்பர் மட்டும்தான் தெரிந்தது.

“அதோ! பதினொண்ணு! அவதான்!”

“கொஞ்சம் குள்ளமா தெரியறாளேடா?” என்றாள் அம்மா.

“குளிரும்மா. ஒடுங்கிப் போயிருக்கா.”

“முகமே தெரியலையே, எப்படிச் சொல்றீங்க?” என்றார் டாக்டர்.

“டாக்டர், ஊர்க் கண்ணையெல்லாம் சோதிக்கிறவன் நான். என் பொண்டாட்டிய எனக்குத் தெரியாதா? ஓடும்போது இடது தோள் சாயுது பாருங்க!”

கடைசி நிமிடம். இரண்டு புள்ளி பின்தங்கியிருந்தார்கள். பந்து பதினொன்றின் கைக்கு வந்தது. ஒருத்தியை ஏமாற்றினாள், இன்னொருத்தியை இடித்துத் தள்ளினாள், இடுப்பைப் பிடித்துத் தொங்கிய மூன்றாமவளையும் இழுத்துக்கொண்டே போய், கோட்டுக்கு அப்பால் பந்தோடு விழுந்தாள்.

“ட்ரை! அஞ்சு புள்ளி! ஜெயிச்சாச்சு!”

டாக்டர் தன் வீட்டு நாற்காலி மேலேயே ஏறிக் குதித்தார். கண்ணாடிக்காரர் இரண்டு விரலை வாயில் வைத்துக் கட்டடம் அதிர விசிலடித்தார்.

ஒன்றும் தெரியாமல் பெரியம்மா துள்ளி எழுந்தாள். “யாரு? நம்ம பொண்ணா? நம்ம பொண்ணா போட்டா?”

“நம்ம பொண்ணேதான்!”

பெரியம்மா தங்கையைத் தடவிப் பிடித்துக் கட்டிக்கொண்டாள். “அன்னைக்கு நான் வாய் தவறிப் பேசிட்டேன்டி. தங்கமான மருமக உனக்கு!”

அம்மாவுக்குக் கண் நிறைந்துவிட்டது. விசில் இன்னும் ஓயவில்லை. அப்போது கையெல்லாம் கிரீஸோடு லிஃப்ட் மெக்கானிக் வாசலில் வந்து நின்றார்.

“சார், கரண்ட் போனதுலேருந்து லிஃப்டுக்குள்ள மாட்டிக்கிட்டிருந்த உங்க வீட்டம்மாவை ஒருவழியா வெளிய எடுத்துட்டேன். பயிற்சியில அவங்களுக்கு விரல் பிசகி, ஊருக்குத் திருப்பி அனுப்பிட்டாங்களாம். ‘இவ்வளவு நேரமா இந்த மனுஷன் எவளுக்கு விசிலடிச்சாரு’ன்னு கேட்டுக்கிட்டே படியேறி வர்றாங்க!”