மொட்டுவா என்றால் என்ன?

படகு தீவைத் தொடும் முன்பே அந்த வார்த்தை வந்து விழுந்தது.

"மொட்டுவா! மொட்டுவா!"

நாணலை அடுக்கி அடுக்கிக் கட்டிய மிதக்கும் தீவு அது. விளிம்பில் ஏரிக்காரர்கள் கூட்டமாக நின்று கையாட்டினார்கள். அத்தனை விரலும் படகில் மனைவியோடு வந்த பூதக்கண்ணாடியைத்தான் காட்டின. அவர் கை தானாகத் தன் வழுக்கைத் தலைக்குப் போனது.

பூதக்கண்ணாடி என்பது அவருக்கு அலுவலகத்தில் வைத்த பெயர். இன்ஷூரன்ஸ் கம்பெனியில் விபத்து விசாரணை அவர் வேலை. கடை எரிந்துவிட்டது என்று யாராவது அழுதுகொண்டு வந்தால், எரிந்ததா, எரித்தார்களா என்று சாம்பலை முகர்ந்து பார்க்கிற மனுஷர். அந்தப் புத்தியை அலுவலகத்திலேயே கழற்றி வைத்துவிட்டு வந்தால் பரவாயில்லை. பால்காரர் சிரித்தால் ஏன் சிரிக்கிறார் என்பார். சிரிக்காவிட்டால் எதையோ மறைக்கிறார் என்பார்.

"அவங்க என்னய்யா சொல்..." என்று வழிகாட்டியிடம் ஆரம்பித்தார். மனைவி திரும்பிப் பார்த்தாள். மீதியை மென்று விழுங்கினார்.

நிபந்தனை அப்படி. "அங்க வந்து யாரையும் சந்தேகப்படக் கூடாது, யார்கிட்டயும் எதையும் கேட்கக் கூடாது. ஒரே ஒரு கேள்வி கேட்டாலும் நேரா எங்க அக்கா வீட்டுக்குப் போயிடுவேன். திரும்பி வர மாட்டேன்" என்று புறப்படும்போதே சொல்லியிருந்தாள்.

சும்மா மிரட்டல் என்று தள்ளவும் முடியாது. போன வருஷம் ஒரு சண்டையில் அப்படிப் போனவள்தானே. அவர் போன் செய்யும்போதெல்லாம் அக்காதான் எடுப்பாள், "அவ குளிச்சிட்டு இருக்கா" என்பாள். இவ்வளவு கோபமா என்று மனுஷர் நொந்துபோனார். சோறு குழைந்தது, சட்டை சாயம் ஏறியது, அதெல்லாம் பெரிதில்லை. அவள் இல்லாத வீட்டில் அவருக்குத் தூக்கமே வரவில்லை. இன்னொரு தடவை அதைத் தாங்க முடியாது என்று அவருக்கு நன்றாகத் தெரியும்.

இந்தப் பயணமே அவளுக்காகத்தான். தூக்கத்தில் அவள் சிரித்துக்கொண்டே "ஏரி... படகு... மெதுவா" என்று முணுமுணுத்ததை ஒருநாள் கேட்டுவிட்டார். வாய் திறந்து கேட்காமல் மனசுக்குள்ளேயே ஆசையை வைத்துக்கொண்டிருக்கிறாளே, பாவம் என்று உருகிப்போய், தனிப் படகு, தனி வழிகாட்டி என்று ஏற்பாடு செய்துவிட்டு வந்து சொன்னார்.

"ஏரியா? அங்க என்னங்க இருக்கு, வெறும் தண்ணி! மலைக்குப் போலாமே" என்று பதறினாள் அவள். எல்லாம் செலவை நினைத்துத்தான். மகராசி!

படகு நின்றது. அவள் செருப்பைக் கழற்றிக் கையில் பிடித்துக்கொண்டு, சரியாக நாணல் கட்டு இருக்கிற இடமாகப் பார்த்துக் கால் வைத்து இறங்கினாள். அவளை யாரும் பிடிக்கவில்லை. பூதக்கண்ணாடி ஒரு காலைத் தூக்கியதுமே நாலு பேர் பாய்ந்து வந்து தோளையும் இடுப்பையும் பிடித்துக்கொண்டார்கள்.

"மொட்டுவா, மெல்ல! மொட்டுவா, பார்த்து!"

பர்ஸ் இருந்த பையை இறுகப் பொத்திக்கொண்டார். யாரிடம் பர்ஸ் இருக்கிறது என்று தெரிந்துகொண்டுதான் பிடிக்கிறார்கள் என்று தோன்றியது.

வழிகாட்டி மீதும் அவருக்கு நம்பிக்கை இல்லை. காலையில் படகுத்துறையில் மனைவியைப் பார்த்ததும் "வாங்க மேட..." என்று ஆரம்பித்து, பாதியில் புரை ஏறினவன் மாதிரி இருமினான். அதிலிருந்து அவர் கண்ணை நேருக்கு நேர் பார்க்கவே இல்லை. இருபது வருஷ சர்வீஸில் எத்தனை கண்களைப் பார்த்தவர் அவர்! இவன் வழிகாட்டியே இல்லை, எவனோ போலி என்று அப்போதே முடிவு கட்டிவிட்டார்.

தீவு நடக்க நடக்க மெத்தை மாதிரி அமுங்கியது. நாணல் பாய் பின்னிக்கொண்டிருந்த ஒரு பெண் எழுந்து ஓடிவந்து மனைவியின் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டு, ஏரி பாஷையில் மூச்சு விடாமல் என்னவோ பேசினாள்.

"என்ன சொல்றாங்க?" பூதக்கண்ணாடியின் வாய் முந்திக்கொண்டது.

"வளையல் நல்லா இருக்காம்" என்றான் வழிகாட்டி.

மனைவி கையில் அன்று வளையலே இல்லை. வாட்ச்தான் இருந்தது. பாஷையும் தெரியாத போலி! வசமாக மாட்டினான் என்று உள்ளுக்குள் குறித்துக்கொண்டார்.

"கேள்வி கேட்டீங்க" என்றாள் மனைவி.

"அது கேள்வி இல்லம்மா, ஒரு ஆர்வம்."

"ஆர்வத்துக்கும் சேர்த்துத்தான் சொன்னேன்."

அவள் முன்னால் போனதும் வழிகாட்டியின் சட்டையைப் பிடித்து இழுத்தார். "மொட்டுவான்னா என்னய்யா? எனக்குத் தெரியும், மொட்டைன்னுதானே?"

"ஐயோ சார்! விருந்தாளின்னு அர்த்தம்."

"விருந்தாளின்னா அவளையும்தானே சொல்லணும்? அவளை ஒருத்தரும் சொல்லலையே?"

"அது... ஆம்பளை விருந்தாளி சார்."

சரி, தலையை மறைத்துப் பார்ப்போம் என்று கைக்குட்டையின் நாலு முனையிலும் முடிச்சுப் போட்டுத் தலையில் மாட்டிக்கொண்டார். மொட்டை தெரியவில்லை என்றால் பெயர் நிற்கிறதா பார்க்கலாமே. பெயர் நிற்கவில்லை. கைக்குட்டையைப் பார்த்துவிட்டு அடுத்த குடிசைக்காரர்களும் கைதட்டிக்கொண்டு வந்துவிட்டார்கள். "மொட்டுவா! மொட்டுவா!"

"என்னங்க இது கோலம்?" என்றாள் மனைவி.

"வெயில்மா."

"மேகம் மூடியிருக்கு."

அந்த நேரம் பார்த்து இன்னொரு படகு வந்தது. அதில் கரையில் வாங்கிய ஓர் ஆடு மிரண்டுபோய் நின்றது. ஏரிக்காரர்கள் ஓடிப்போய் ஆட்டைத் தூக்கி இறக்கினார்கள். முதுகைத் தட்டிக் கொடுத்தார்கள்.

"மொட்டுவா! மெல்ல, மொட்டுவா!"

பூதக்கண்ணாடி விறுவிறுவென்று நடந்தார். வழிகாட்டியின் காதருகே குனிந்தார். "ஆடும் ஆம்பளை விருந்தாளியா?"

"ஆமா சார்... அதுவும்..."

"யோவ், அது பெட்டை ஆடுய்யா! மடி தெரியுது!"

தன்னையும் ஆட்டையும் ஒரே தட்டில் வைத்துவிட்டார்கள், அதுவும் பெண்டாட்டி எதிரில்! இதை இப்படியே விட்டால் தான் விசாரணை அதிகாரி என்று சொல்லிக்கொள்வதில் அர்த்தமே இல்லை என்று அவருக்கு ரோஷம் பொத்துக்கொண்டு வந்தது. ஆனால் வாய் திறந்து கேட்டால் அக்கா வீடு.

கேட்காமலே கண்டுபிடிக்க ஒரு வழி உண்டு. விசாரணையில் பழைய உத்திதான். சாட்சி சொன்ன வார்த்தையை எடுத்துச் சாட்சி மேலேயே போட வேண்டும். முகம் மீதியைச் சொல்லிவிடும்.

தீவின் தலைவி குடிசை வாசலில் உட்கார்ந்து மீன் அரிந்துகொண்டிருந்தாள். அகன்ற தோள், தீவு முழுக்கக் கேட்கிற குரல். ஏரியில் எல்லோரும் அவள் சொன்னதைத்தான் கேட்பார்கள், நம்ம பாஷையும் அவளுக்கு நன்றாக வரும் என்று வரும்போதே வழிகாட்டி சொல்லியிருந்தான். பூதக்கண்ணாடி அவள் எதிரில் போய் நின்றார், கைக்குட்டையைக் கழற்றினார், இடுப்பு வரை குனிந்து கும்பிட்டார்.

"வணக்கம், மொட்டுவா!"

மீன் அரிகிற சத்தம் நின்றது. பாய் பின்னுகிற கைகள் நின்றன. ஆடு கூடக் கத்துவதை நிறுத்திவிட்டது.

தலைவி கத்தியோடு எழுந்தாள். "யாரைப் பார்த்துச் சொன்னே?"

"பார்த்தியா, பார்த்தியா!" பூதக்கண்ணாடி மனைவி பக்கம் திரும்பிக் குதித்தார். "கெட்ட வார்த்தைதான்! நான் அப்பவே நினைச்சேன்! காலையிலேருந்து எல்லாரும் சேர்ந்து என்னை அசிங்கமா திட்டிட்டு இருக்காங்க! இந்த வழிகாட்டியும் போலி! எல்லாம் கூட்டுக் களவாணிங்க!"

சொல்லிக்கொண்டே பின்னால் நகர்ந்தவர், தீவு முடிகிற இடத்தைக் கவனிக்கவில்லை. தொபுக்கடீர்!

தலைவிதான் கத்தியைப் போட்டுவிட்டுக் குப்புறப் படுத்து, அவர் தலையில் மிச்சமிருந்த நாலு முடியைக் கொத்தாகப் பிடித்து மேலே இழுத்தாள். மற்றவர்கள் கைகொடுத்தார்கள். நாணல் மேல் உட்கார வைத்து, முதுகில் தட்டி, கம்பளி ஒன்றைப் போர்த்தினார்கள்.

மனைவி எதிரில் நின்றாள். முகம் வெளுத்திருந்தது. "நான் அக்கா வீட்டுக்குப் போறேன்" என்றாள்.

குடித்த ஏரித் தண்ணீரைவிட அந்த வார்த்தைதான் அவரைக் குளிர வைத்தது.

"அந்த வார்த்தைக்கு என்ன அர்த்தம்னு உனக்குத் தெரியுமா?" தலைவி மூச்சு வாங்க அவர் பக்கத்தில் உட்கார்ந்தாள்.

"தலைவியம்மா, அதெல்லாம் எதுக்கு, அவர் நனைஞ்சிருக்கார்..." என்று வழிகாட்டி குறுக்கே வந்தான். தலைவி அவனைக் கையால் ஒதுக்கினாள்.

"ஏரிக்கு முதல் தடவையா வர்றவங்களை மொட்டுவான்னு சொல்வோம். மனுஷனோ ஆடோ, எதுவா இருந்தாலும். நாணல் எங்க அமுங்கும், எங்க முடியும்னு அவங்களுக்குத் தெரியாது. யார் எங்க இருந்தாலும் ஓடி வந்து பிடிச்சுக்கணும்னுதான் சத்தமா கூப்பிடுறது. உன்னைக் காப்பாத்தத்தான்யா காலையிலேருந்து தொண்டை கிழியக் கத்துறோம்! இந்த ஏரியிலேயே பிறந்து, இதிலேயே பிள்ளை பெத்து வளர்த்தவ நான். என்னைப் பார்த்து முதல் தடவையா வந்தியான்னா எனக்குக் கோபம் வராதா?"

பூதக்கண்ணாடிக்கு எங்கே பார்ப்பது என்று தெரியவில்லை. தோளைப் பிடித்தவர்கள் அங்கேதான் நின்றார்கள். பர்ஸ் நனைந்தபடி பத்திரமாகப் பையிலேயே இருந்தது. அவர் கையெடுத்துக் கும்பிட்டார். இந்தத் தடவை உத்தி ஒன்றும் இல்லை.

"தப்பு என்னுதும்மா. மன்னிச்சுடுங்க" என்றார். அப்படியே மனைவி பக்கம் திரும்பினார். "நீ போயிடாதே. நீ இல்லாம என்னால முடியாது. இனிமே இந்த ஜென்மத்துல யாரையும் சந்தேகப்பட மாட்டேன். கண்ணெதிர்ல என்ன நடந்தாலும் சரி, யார் என்ன சொன்னாலும் சரி. உன் தலை மேல சத்தியம்!"

சொன்னபடியே ஈரக்கையை அவள் தலை மேல் வைத்தார். சுற்றி நின்ற பெண்கள் உச்சுக்கொட்டினார்கள். தலைவியே மூக்கை உறிஞ்சினாள்.

"சத்தியமாவா?" என்றாள் மனைவி.

"சத்தியமா."

"சரி, எழுந்திருங்க. கிளம்பலாம். சளி பிடிச்சுக்கும்."

இன்னும் கொஞ்ச நேரம் இருந்து எல்லோரிடமும் தனித்தனியாக மன்னிப்புக் கேட்கணும் என்று அவருக்கு ஆசை. அவள்தான் கையைப் பிடித்து இழுக்காத குறையாகப் படகில் ஏற்றினாள். என் உடம்பு மேல் இவளுக்கு எவ்வளவு அக்கறை என்று நெகிழ்ந்துபோனார்.

தீவிலிருந்து "மொட்டுவா! மொட்டுவா!" என்று கையாட்டினார்கள். அவரும் எழுந்து நின்று, படகு ஆட ஆட, "மொட்டுவா!" என்று தன் நெஞ்சிலேயே தட்டிக்கொண்டு பதிலுக்குக் கத்தினார். மனசு லேசாகிவிட்டது. இத்தனை வருஷம் உலகத்தையே வாதியும் பிரதிவாதியுமாகப் பார்த்துப் பார்த்து என்ன கண்டோம் என்று தோன்றியது.

"தம்பி, உன்னைப் போலின்னு நினைச்சேன்பா" என்று வழிகாட்டியின் தோளில் கை போட்டார். "மனசுல வெச்சுக்காதே. நீ தங்கமான பையன்."

வழிகாட்டிக்கு மறுபடியும் இருமல் வந்துவிட்டது.

துடுப்புப் போட்டுக்கொண்டிருந்த படகோட்டி வயசான ஏரிக்காரர். காலையிலிருந்து ஒரு வார்த்தை பேசாதவர். அவரையும் விட்டுவைப்பானேன் என்று பூதக்கண்ணாடி அவர் பக்கம் சாய்ந்தார். சந்தேகமே இல்லாமல் அவர் கேட்ட முதல் கேள்வி அது. "ஏன் பெரியவரே, ஒண்ணு மட்டும் விட்டுப் போச்சே. என்னை மட்டும் கூப்பிட்டா எப்படி? எங்க வீட்டம்மாவையும் ஒரு தடவை மொட்டுவான்னு கூப்பிடுங்க, அவளும் சந்தோஷப்படுவா!"

"அதோ பாருங்க சார், கொக்கு!" என்று வழிகாட்டி கத்தினான்.

படகோட்டி துடுப்பை நிறுத்தித் திரும்பி, மனைவியைப் பார்த்துப் பல் தெரியச் சிரித்தார்.

"இவங்களையா? போன வருஷம் இவங்க வீட்டுக்காரரோட வந்து தங்கினப்பவே கூப்பிட்டு முடிச்சாச்சே, சார்!"