மேல்வீட்டு அழுகை

விமலநாதன் மாலைப் பூசை முடித்துக் கற்பூரத்தட்டைக் கீழே வைக்கவும், மேல்வீட்டுப் பிள்ளை விம்மி அழத் தொடங்கவும் சரியாக இருந்தது.

"கேக்குதே? நேற்றைக்கும் இந்த நேரந்தான்."

"தாதிப் படிப்புக்கு வந்த இந்தோனேசியப் பிள்ளையப்பா, ரினி எண்டு பேர். வீட்டு யோசனையா இருக்கும், விடுங்கோ," என்றாள் புஷ்பராணி.

"எப்பிடி விடுறது? நாங்கள் ஜேர்மனிக்கு, இந்த வுப்பர்டாலுக்கு வந்த புதுசில அழேக்க, ஆரோ ஒரு கிழவி சூப்போட வந்து கதவு தட்டினவதானே. இடியப்பம் மிச்சம் கிடக்கோ?"

வெள்ளை வேட்டியும் நெற்றி நிறைந்த திருநீறுமாக, ஆவி பறக்கும் தட்டோடு மேலே ஏறினார்.

கதவைத் திறந்த ரினி ஈரக் கண்ணோடு அவரை மேலும் கீழும் பார்த்தாள். அவள் பின்னால் ஒரு தாங்கியில் கைத்தொலைபேசி நின்றது. தாயோடு வீடியோவில் கதைத்து அழுதிருக்கிறாள் என்று விமலநாதனுக்கு உடனே விளங்கிவிட்டது.

தட்டை அவள் கையில் கொடுத்தார். தொலைபேசியைப் பார்த்து, "அம்மா, ஒண்டுக்கும் பயப்பிடாதேங்கோ. நாங்கள் இருக்கிறம்," என்று தமிழிலேயே சொல்லி, கையுயர்த்தி ஆசீர்வதித்துவிட்டு இறங்கினார். தாய்மாருக்கு எந்த மொழியும் விளங்கும் என்பது அவர் நம்பிக்கை.

அடுத்த நாள் அழுகை இன்னும் பலத்தது. இடியப்பத்தோடு சொதியும் சேர்த்துக் கொண்டுபோனார். அதற்கடுத்த நாள் அழுகையோடு ஓர் ஆண் குரலும் உறுமியது.

"அடிக்கிறான் போல!" என்று அகப்பையைத் தூக்கினார் விமலநாதன்.

"அது சொதி அகப்பையப்பா!"

"அவனுக்கு இது காணும்!"

உள்ளே நின்ற ஒல்லி ஜேர்மன் பெடியன் அகப்பையைக் கண்டதும் வெறுங்காலோடு படியிறங்கி ஓடினான். "ஆளைக் கலைச்சுப்போட்டன் அம்மா," என்று தொலைபேசிக்கும் ஒரு வார்த்தை சொல்லிவிட்டு, வெற்றியோடு வீடு திரும்பினார்.

சற்று நேரத்தில் வேலையால் வந்த மகள் தேனுஜா, சப்பாத்தைக் கூடக் கழற்றாமல் வாசலில் நின்றாள்.

"அப்பா, என்ன வேலை பாத்தனீங்கள்? கீழ எமில் நடுங்கிக்கொண்டு நிக்கிறான். ரினியோட படிக்கிறவன். ரெண்டு பேரும் இந்தோனேசியாவில ரீவியில போற மாதிரி அழுகை நாடகம் நடிச்சு, ஒவ்வொரு நாளும் அந்த ஃபோனால லைவ்வில விடுகினம். அங்க ஒரு நாடகக் கொம்பனி அவளை நடிக்க எடுக்கிறதுக்குப் பாத்துக்கொண்டிருக்காம். நீங்கள் மூண்டு நாளும் நடுவில போய்க் குழப்பியிருக்கிறியள்!"

"அப்ப அந்த அம்மா?"

"அம்மா இல்லையப்பா. பாக்கிற சனம்!"

விமலநாதன் கதிரையில் இருந்துவிட்டார். ஒரு பிள்ளையின் எதிர்காலத்தைத் தன் கையாலேயே கெடுத்துவிட்டேனே என்று தலையில் அடித்துக்கொண்டார். இனி அந்தப் படியில் கால் வைப்பதில்லை என்று சாமிப்படத்தின் முன் சொல்லிக்கொண்டார்.

மறுநாள் மாலை அழுகை கேட்டது. அவர் அசையவில்லை. "நல்லா நடிக்கிறாள்," என்றார் பெருமையாக. அதற்கடுத்த நாளும் கேட்டது. புஷ்பராணிக்குத்தான் மனம் கேட்கவில்லை. "உண்மையா அழுற மாதிரிக் கிடக்கப்பா."

"அதுதானே நடிப்பு!"

அப்போது அழைப்பு மணி அடித்தது. வாசலில் எமில். அகப்பை எங்கே என்று முதலில் கண்ணால் தேடினான்.

விமலநாதன் கைகூப்பினார். "மன்னிச்சுக்கொள் தம்பி. இனி நான் வரவே மாட்டன்," என்று தனக்குத் தெரிந்த ஜேர்மன் மொழியில் சொன்னார்.

"ஐயோ, அப்படிச் சொல்லாதீர்கள்! நேற்றிலிருந்து பார்க்க ஆளில்லை. கொம்பனியும் கோபத்தில் இருக்கிறது. இப்போது அவள் நிஜமாகவே அழுகிறாள்."

"நான்தானே நாடகத்தைக் கெடுத்தனான்?"

எமில் அவருடைய வேட்டியையும் நெற்றியையும் பயபக்தியோடு பார்த்தான்.

"கதையில் ரினியின் அப்பா இறந்துவிட்டார், ஐயா. செத்த பிறகும் வெள்ளை உடுப்போடு மகளுக்குச் சாப்பாடு கொண்டுவருகிற அந்த ஆவியைப் பார்க்கத்தான் அத்தனை சனமும் வந்தது!"