ஏழுலக ஜட்ஜுவின் கடைசி வழக்கு

சுப்ரீம் கோர்ட்டுக்கு மேலே ஒரு கோர்ட்டு இருந்தது. எழுபதுகளின் கடைசியில், அரியலூரில், ரயிலடிக்குப் போகிற வழியில், ஒரு தையல் கடைக்குள். பூலோகம், பாதாளம், செத்தவர்கள் உலவும் லோகம் என்று ஏழு லோகத்துக்கும் அதற்கு அதிகாரம் உண்டு. நீதிபதி அந்தக் கடையின் தையல்காரர். நிஜப் பெயர் யாருக்கும் ஞாபகமில்லை. 'ஏழுலக ஜட்ஜு' என்றால் குதிரை வண்டிக்காரர் மறுகேள்வி கேட்காமல் கொண்டுவந்து இறக்கிவிடுவார்.

யாரோ ஒரு வக்கீல் தைக்கக் கொடுத்த கறுப்பு அங்கியை வாங்கிப்போக வரவேயில்லை. ரொம்ப நாள் பார்த்துவிட்டு இவரே மாட்டிக்கொண்டார். ஞாயிற்றுக்கிழமை பகலில் அதோடு மிஷின் முன்னால் உட்கார்ந்தால் கோர்ட்டு கூடிவிட்டது என்று அர்த்தம். மந்திரம், ஏவல், பேய் பிசாசு வழக்குகள் மட்டும். வரப்புத் தகராறு என்று யாராவது வந்தால், "அதுக்கெல்லாம் கீழ்க்கோர்ட்டுக்குப் போங்க" என்று விரட்டிவிடுவார்.

வேப்பந்தட்டை மந்திரவாதிக்கும் ஆண்டிமடம் மந்திரவாதிக்கும் ஒரே குட்டிச்சாத்தானுக்காகச் சண்டை. "வளர்பிறையில அவருக்கு, தேய்பிறையில இவருக்கு. அமாவாசை அன்னிக்கு அதுக்கு லீவு" என்று முடித்துவைத்தார். இரண்டு பேரும் கும்பிட்டுவிட்டுப் போனார்கள்.

அவருடைய மாடியில் குடியிருந்த பாவத்துக்கு நான்தான் டவாலி, பேர் சொல்லிக் கூப்பிடுகிற சேவகன். சர்க்கார் ஆபீசில் குமாஸ்தா, பெண் பார்த்துக்கொண்டிருந்த நேரம் வேறு. ஒருநாள் இரண்டு பேய்களுக்குள் ஒரு புளியமரம் யாருக்கு என்று வழக்கு. வாசலில் நின்று, வெட்கத்தில் கண்ணை மூடிக்கொண்டு, "புளியமரத்துப் பேய் ஆஜராகணும்!" என்று மூன்று தரம் கூவினேன். கண்ணைத் திறந்தால் எதிரே காய்கறிப் பையோடு எங்கள் ஹெட்கிளார்க்.

"என்னையாப்பா கூப்பிட்ட?" என்றார்.

ரொம்ப நாளைக்கு அவர் முகத்தைப் பார்க்காமலே பைல் நீட்டினேன்.

விக்கிரமங்கலம் வழக்கு வந்த பிறகு அந்த வெட்கமெல்லாம் ஒன்றுமே இல்லை என்று ஆகிவிட்டது.

செல்லம்மா அந்த ஊர்க்காரர், புருஷனை இழந்தவர். பால் ஊற்றிப் பிழைப்பவர். அவர்மேல் வழக்கு கொண்டுவந்தவன் அவருடைய கொழுந்தன். "எம் மாடு கறவை நின்னுபோச்சுங்க. இவ செய்வினை வச்சுட்டா. எங்க வூட்டு வாசப்படியில தோண்டி எடுத்தேன், பாருங்க" என்று ஊசி குத்திய எலுமிச்சம்பழத்தை மிஷின்மேல் வைத்தான்.

"எலுமிச்சங்காய வச்சு எனக்கு ஊறுகா போடத்தாங்க தெரியும்" என்றார் செல்லம்மா.

கூட்டம் சிரித்தது. தன் கோர்ட்டில் சிரித்தது ஜட்ஜுக்குப் பிடிக்கவில்லை. "செய்வினை ருசுவாயிருச்சு. செல்லம்மா தன்னோட கறவ மாட்ட கொழுந்தங்கிட்ட ஒப்படைக்கணும்" என்று சொல்லிவிட்டார்.

செல்லம்மா முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டு போனார். விளையாட்டோடு போய்விடும் என்றுதான் நினைத்தேன். கொழுந்தன் அன்றைக்கே மாட்டை அவிழ்த்துக்கொண்டு போய்விட்டான் என்றும், ஊரில் செல்லம்மாவை 'செய்வினைக்காரி' என்றே கூப்பிடுகிறார்கள் என்றும் பத்து நாள் கழித்து அந்தப் பக்கத்திலிருந்து துணி தைக்க வந்த ஒருவர் சொன்னார். ஜட்ஜு கத்தரிக்கோலைக் கீழே வைத்துவிட்டார்.

கடையிலேயே கிடந்த எலுமிச்சம்பழம் அதற்குள் அழுகிப்போயிருந்தது. அதிலிருந்து ஊசியை உருவிப் பார்த்தார். ஊசியின் காது, கூர்முனைப் பக்கம் இருந்தது. மிஷின் ஊசி.

"சார், அவன் முந்தி சட்ட தைக்க வந்தப்ப, முள்ளு எடுக்கணும், வளைஞ்ச ஊசி இருந்தா குடுங்கன்னான் சார். இந்தக் கையாலதான் குடுத்தேன்" என்றார் என்னிடம்.

அந்தக் கையையே பார்த்துக்கொண்டிருந்தார்.

மறுநாள் அங்கியோடு விக்கிரமங்கலத்துக்குக் கிளம்பினார். தனியாக விட மனசில்லாமல் நானும் போனேன். "அங்கி எதுக்குங்க?" என்றேன்.

"தீர்ப்பு சொன்னப்ப போட்டிருந்தேன்ல? தப்புன்னு சொல்றப்ப மட்டும் கழட்டி வச்சுட்டுப் போறதா?"

பஸ்ஸில் அத்தனை பேரும் எங்களையே பார்த்தார்கள். "வக்கீலய்யா, கேசு எந்த ஊர்ல?" என்று கண்டக்டர் சிரித்தார். நான் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன்.

கொழுந்தன் வீட்டு வாசலில் நின்று தெருவே கேட்கக் கத்தினார். "ஊசி எங் கடையோடது! இவந்தான் கேட்டு வாங்கிட்டு வந்தான்! செல்லம்மா மேல ஒரு தப்பும் இல்ல. விசாரிக்காம தீர்ப்பு சொன்ன எம்மேலதான் தப்பு!"

கூட்டம் கூடியது. கொழுந்தன் கொட்டகைக்குள் போய் ஒளிந்துகொண்டான். ஊர்க்காரர்கள் வெளியே வரச்சொல்லிச் சத்தம் போட்டார்கள். மாடு மட்டும் வந்தது. ஜட்ஜு கயிற்றைப் பிடித்துக்கொண்டு நடந்தார். வழியெல்லாம் அது அங்கியின் ஓரத்தைக் கவ்விச் சவைத்தது. அவர் பிடுங்கவில்லை.

செல்லம்மா முன்னால் போய் நின்றவர் தலையே நிமிரவில்லை. "ஏழு லோகத்துலயும் எனக்கு மன்னிப்பு கெடையாதும்மா."

"மத்த லோகமெல்லாம் கெடக்கட்டும்ண்ணே. எங்க தெருவுல வந்து நின்னு சொன்னீங்கள்ல, அது போதும். மோர் குடிங்க. ஆனா, இனிமே துணிய மட்டும் தைங்க."

அந்தத் தீர்ப்புக்கு அப்பீல் கிடையாது. அன்றோடு கோர்ட்டு மூடப்பட்டது.

திரும்பி வரும்போது பஸ்ஸில் என் தோளில் சாய்ந்து தூங்கிவிட்டார். பார்த்தவர்கள் பார்க்கட்டும் என்று இருந்தேன். அரியலூர் வந்து எல்லோரும் இறங்கியாயிற்று.

"எழுப்புங்க சார்" என்றார் கண்டக்டர்.

"கொஞ்சம் மெதுவாப் பேசுங்க" என்றேன்.