மேவிஸின் பேச்சும் அலிஸ்டரின் செல்லோவும்

ஆவணப்படம் எடுப்பவர்கள் உண்டு, இசையமைப்பவர்கள் உண்டு. இரண்டையும் தாமே செய்துகொள்கிற ஓர் இனமும் உண்டு. கனடாவில் இந்த இனம் செழிப்பாக வளர்கிறது. ஜூலை மாதத்திலும் கழுத்தில் கம்பளித் துண்டு சுற்றியிருக்கும். எதைக் கண்டாலும் விரல்களைச் சட்டமாக வைத்துப் பார்க்கும். "மௌனம்தான் என் இசை" என்று சொல்லும். நம்பிவிடாதீர்கள்.

நான் பத்தொன்பது வருடமாக மளிகைக் கடை நடத்துகிற நியூஃபவுண்ட்லாந்துக் கரையோரக் குட்டித் தீவுக்கு வந்தவர் பெயர் அலிஸ்டர் பென்ஹேல். சஸ்கட்டூனில் பிறந்தது, ஆறு வயதில் பியானோ தொட்டது, முப்பது வயதுவரை அவர் இசையை ஒருவரும் கேட்காதது, கேட்க வைப்பதற்கென்றே படம் எடுக்கத் தொடங்கியது (இதை மட்டும் அவர் சொல்லவில்லை, நானாக ஊகித்தேன்), பனிக்கரடிக்கு ஒரு விருது, மூடிய சுரங்கத்துக்கு இரண்டு விருது என்று தம் வரலாறு முழுவதையும் ரொட்டி வாங்க வந்த இடத்தில் மூச்சுவிடாமல் சொல்லி முடித்தார். ரொட்டியை மறந்துவிட்டுப் போனார்.

எங்களுக்கு அப்போது ஒரே கவலை ஃபெர்ரி. தினமும் அக்கரைக்குப் போகும் அதை வாரம் இரண்டு நாளாகக் குறைக்க அரசு யோசித்துக்கொண்டிருந்தது. மேவிஸ் ரைட்அவுட்டின் கணவர் கிளாரன்ஸுக்கோ அக்கரை ஆஸ்பத்திரியில் வாரம் மூன்று நாள் டயாலிசிஸ். இதை விசாரிக்க அரசு அனுப்பும் மூவர் குழு வரும்போது அலிஸ்டரின் படத்தையே போட்டுக் காட்டிவிடலாம் என்று ஊர் கூடி முடிவு செய்தது. எங்கள் புத்தி!

மேவிஸின் சமையலறையில் படப்பிடிப்பு.

"மேவிஸ், அந்த ஃப்ரிட்ஜ் உறுமுதுங்க. அணைச்சிடுறேன். எனக்குத் தூய்மையான ஒலி வேணும்."

"உள்ள குளிர்காலத்துக்கு வச்ச மூஸ் மான் கறி இருக்கு, ராசா. மறக்காம திரும்பப் போட்டுடு."

மறந்தார். அந்த இனத்தில் எவரும் இதுவரை திரும்பப் போட்டதில்லை.

மேவிஸ் நேராக விஷயத்துக்கு வந்தாள். "போன மார்ச்சுல ரெண்டு நாள் ஃபெர்ரி ஓடல. மூணாவது நாள் கிளாரன்ஸுக்கு மூச்சே விட முடியல. வாரம் மூணு நாள் போகலன்னா என் மனுசன் செத்துடுவாரு."

"அற்புதம்! 'செத்துடுவாரு'க்கு முன்னாடி நாலு விநாடி நிறுத்துங்க. அங்கதான் இசை எழும்புது."

"இசையை எப்போ எழுதினீங்க?" என்று கேட்டேன்.

"இங்க வர்றதுக்கு முன்னாடியே. ஊரைப் பார்த்துட்டா மனசு கலைஞ்சிடும்."

விசாரணையின் கடைசி நாள் மாதாகோவில் கூடத்தில் படம் ஓடியது. எண்பத்திரண்டு நிமிடம். அலை, கடற்பறவை, மறுபடி அலை. எல்லாவற்றின் மேலும் செல்லோ. வயலினுக்குப் பெரியண்ணன் மாதிரி ஒரு வாத்தியம், முழங்காலுக்கு நடுவில் வைத்து அழ வைப்பார்கள். பிறகு மேவிஸின் முகம் திரையை நிறைத்தது. வாய் அசைந்தது. செல்லோ கேட்டது.

மேவிஸ் எழுந்தே விட்டாள். "என் பேச்சு எங்க?"

"அந்த இடத்துல செல்லோதான் உங்களுக்காகப் பேசுது, மேவிஸ்."

"அதுக்கு டயாலிசிஸ் இருக்கா?"

குழுத் தலைவர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். மணியைப் பார்த்தார். "பிரமாதமான இசை! மன்னிக்கணும், ஃபெர்ரிக்கு நேரமாச்சு" என்று மூவரும் ஓடினார்கள். மேவிஸ் துறைவரை பின்னாலேயே கத்திக்கொண்டு போனாள். இன்ஜின் சத்தத்தில் ஒன்றும் கேட்கவில்லை. அவர்கள் கைதான் அசைத்தார்கள்.

அறிக்கை வந்தது. தீவு மக்கள் கடலை ஆழமாக நேசிக்கிறார்கள். மருத்துவத் தேவை எதையும் எவரும் குறிப்பிடவில்லை. ஃபெர்ரி இனி வாரம் இரண்டு நாள். மேவிஸ் நாற்பத்தோரு வருடம் வாழ்ந்த வீட்டைப் பூட்டிவிட்டு, கிளாரன்ஸைக் கூட்டிக்கொண்டு ஆஸ்பத்திரிக்குப் பக்கத்தில் ஓர் ஒற்றை அறைக்குப் போனாள். பெட்டிகளை நான்தான் தூக்கி ஏற்றினேன். எனக்கு இன்னும் ஆறவில்லை. படத்துக்குச் சிறந்த இசைக்கான விருது கிடைத்தது.

சிரிக்கிறீர்கள், இல்லையா? உங்கள் கைபேசியைக் கொஞ்சம் எடுங்கள். அப்பாவின் கடைசிப் பிறந்தநாள் வீடியோ ஒன்று இருக்குமே, கேக்கை வெட்டிவிட்டு உங்களைப் பார்த்து ஏதோ சொல்வாரே, அவர் போன பிறகு மேலே ஒரு சோகப் பாட்டைப் போட்டு உறவினர் எல்லோருக்கும் அனுப்பினீர்களே, அதுதான். பாட்டு நன்றாகவே பொருந்தியிருந்தது, எல்லோரும் அழுதார்கள்.

அப்பா என்ன சொன்னார்?