லெவல் அண்ணன் எடுத்த வீடியோ

ஆடுகிற மேசையைக் கண்டால் சோறு இறங்காத மனிதர் இந்த உலகத்திலேயே ஒருவர்தான். அவருக்கு லெவல் அண்ணன் என்று பெயர். அப்பா அம்மா வைத்த பெயர் சம்பளப் பட்டியலில் இருந்திருக்கும். நான் பார்த்ததில்லை.

முதலிபாளையத்தில் ஒரு சின்ன பனியன் எக்ஸ்போர்ட் கம்பெனியில் நான் ஆர்டர்களைக் கவனிக்கும் மெர்ச்சண்டைசராக இருந்தபோது, அவர் பேக்கிங் செக்‌ஷனில் அட்டைப் பெட்டி ஒட்டிக்கொண்டிருந்தார். மற்றவர்கள் சட்டைப் பையில் செல்போன் வைத்திருந்தார்கள். அவர் அட்டைத் துண்டுகள் வைத்திருந்தார். ஒரு மடிப்பு, இரண்டு மடிப்பு, நாலு மடிப்பு என்று வகை வகையாக. எங்கே மேசை ஆடினாலும் குனிந்து, காலுக்கடியில் பொருத்தமான துண்டைச் சொருகி, மேலே ஒரு தட்டுத் தட்டி, "இப்ப எழுதுங்க" என்பார். அவர் கை சட்டைப் பைக்குப் போனாலே ஆபீசில் எல்லோரும் காலைத் தூக்கிக்கொள்வோம். பீகாரிலிருந்து வேலைக்கு வந்தவர்கள் தமிழ் கற்றுக்கொள்வதற்கு முன்னால் காலைத் தூக்கக் கற்றுக்கொண்டார்கள்.

டவுன் பஸ்ஸில் அவர் கம்பியைப் பிடித்து யாரும் பார்த்ததில்லை. ஒரு கையில் சோற்றுப் போசி, இன்னொரு கையில் மூடியில்லாத டம்ளர் நிறைய மோர். ரோட்டில் இருக்கும் அத்தனை குழிக்கும் முழங்காலாலேயே பதில் சொல்லிக்கொண்டு நிற்பார். மோர் ஒரு சொட்டு சிந்தாது. பக்கத்தில் நிற்கிறவர்கள்தான் அவர் மேலேயே விழுவார்கள்.

முதலாளி மகள் கல்யாணத்தில் இது வினையாகப் போயிற்று. பந்தியில் சம்பந்தி வீட்டுப் பெரியவர் உட்கார்ந்திருந்த மேசை லேசாக ஆடியது. லெவல் அண்ணனால் பொறுக்க முடியவில்லை. சத்தமில்லாமல் மேசைக்கடியில் நுழைந்துவிட்டார். காலடியில் ஏதோ ஊர்கிறது என்று பெரியவர் துள்ளிக் குதிக்க, பரிமாறுகிறவர் கையிலிருந்த ரசம் வாளியோடு பெரியவர் பட்டு வேட்டியில் கவிழ்ந்தது. அன்றிலிருந்து லெவல் அண்ணன் பெயரைக் கேட்டாலே முதலாளி முகம் சுருங்கும்.

அந்தச் சமயத்தில்தான் எங்களிடம் சரக்கு வாங்க நினைத்த ஒரு வெளிநாட்டு பையரிடமிருந்து மெயில் வந்தது. நேரில் வர முடியாதாம். கட்டிங்கில் ஆரம்பித்து பேக்கிங் வரைக்கும் கம்பெனியை ஒரே மூச்சில் வீடியோ எடுத்து அனுப்ப வேண்டுமாம். நடுவில் வெட்டி ஒட்டினால் எதையோ மறைக்கிறோம் என்று அர்த்தமாம். இன்னொரு கம்பெனி அனுப்பிய வீடியோ ஆடிய ஆட்டத்தில் அவருக்குத் தலை சுற்றிவிட்டதாம். அதனால் ஆடவும் கூடாது.

முதலாளி என்னைக் கூப்பிட்டார். "தம்பி, கை ஆடாம படம் புடிக்கறதுக்கு என்னமோ குச்சி இருக்குதாமா. அதைய வாங்கிப் போடுங்க. ரொம்ப வெலையா வேண்டாம்."

அந்தக் குச்சிக்குப் பெயர் கிம்பல். இரண்டு வாரம் நான் வேறு வேலை பார்க்கவில்லை. யூடியூபில் இருக்கும் விமர்சனம் ஒன்று பாக்கியில்லாமல் பார்த்து மகா பண்டிதன் ஆனேன். டீ நேரத்தில் நின்று பிரசங்கம் செய்தேன். "ஒத்தை மோட்டாரு வெச்சது கிம்பலே இல்லீங்க. செல்ஃபி குச்சிக்குக் கோட்டுப் போட்டு உட்டிருக்காங்க. மூணு மோட்டாரு வேணும். மேல கீழ, பக்கவாட்டுல, சாய்ஞ்சா நிமிர்த்தறதுக்கு, ஆக மூணு." பேட்டரி எத்தனை மணி நேரம், மடித்தால் பைக்குள் அடங்குமா, முகத்தைப் பார்த்துத் தானாகத் திரும்புமா என்று எல்லாம் பார்த்தேன். கடைசியில் குறைந்த விலையில் அதிக வித்தை காட்டுகிற ஒன்றை வாங்கினேன். பார்க்காதது ஒன்றே ஒன்று. அது எவ்வளவு கனமான போனைத் தாங்கும் என்பதை. என் போன் பெரியது. அதன் ரப்பர் உறை அதைவிடப் பெரியது.

போனை மாட்டியதும் கிம்பல் ஒரு பக்கமாகத் தலையைத் தொங்கப்போட்டது. பெட்டி ஒட்டிக்கொண்டிருந்த லெவல் அண்ணன் எழுந்து வந்தார்.

"ஏனுங்க தம்பி, மோட்டாரு போடறதுக்கு முன்னாடியே இது நேரா நிக்கோணுமில்லீங்களா? இப்பவே சாயுது. அந்த உறையைக் கழட்டிப்போட்டு, போனைக் கொஞ்சம் அக்கட்டால தள்ளிப் பாருங்க."

"அண்ணா, இது மேசை இல்லீங்க. டெக்னாலஜி. மோட்டாரே பாத்துக்கும்" என்றேன். சுற்றி நின்றவர்கள் சிரித்தார்கள். அவரும் சிரித்துவிட்டுப் போய்ப் பெட்டி ஒட்டினார். எல்லாம் முடிந்த பிற்பாடுதான் கிம்பலோடு வந்த சின்னப் புத்தகத்தைப் பிரித்தேன். அவர் சொன்னதுதான் முதல் பக்கத்திலேயே போட்டிருந்தது.

அதே வாரம் முதலாளி பேக்கிங் பக்கம் வந்தார். லெவல் அண்ணன் ஒரு கார்ட்டனை நறுக்கி மடித்துக்கொண்டிருந்தார். கழிவுப் பெட்டிதான். ஆனால் முதலாளி கண்ணுக்கு ரச வாளி தெரிந்திருக்க வேண்டும். "பொட்டியை நறுக்கறதுக்கு ஒரு ஆளா? இந்த மாசத்தோட போதும், நின்னுக்கச் சொல்லுங்க" என்று சூப்பர்வைசரிடம் சொல்லிவிட்டுப் போய்விட்டார். லெவல் அண்ணனுக்கு ஐம்பத்தைந்து வயது. அந்த வயதில் புதிதாக யார் வேலை கொடுப்பார்கள்?

வீடியோ எடுக்கும் நாள் வந்தது. அன்றைக்கு ஓடிக்கொண்டிருந்தது குழந்தைகள் டீ-ஷர்ட். நெஞ்சில் பெரிய கரடி முகம். நான் கிம்பலைத் தூக்கிக்கொண்டு கட்டிங் மேசையிலிருந்து கம்பீரமாகக் கிளம்பினேன். பக்கத்தில் ஒரு டிராலி நிறைய கரடிகள் போயின. முகத்தைப் பார்த்துத் தானாகத் திரும்பும் என்றேனே, திரும்பிவிட்டது. நான் இந்தப் பக்கம் இழுத்தால் அது அந்தப் பக்கம் கரடியைப் பார்த்தது. பையர் கேட்ட தையல் லைன், செக்கிங், அயர்ன் எதுவும் படத்தில் இல்லை. கரடி டிராலியில் போகிறது, கரடிக்கு நூல் வெட்டுகிறார்கள், கரடிக்கு இஸ்திரி போடுகிறார்கள், கரடியை மடித்துப் பாலித்தீன் பையில் போட்டுப் பெட்டியில் வைக்கிறார்கள். பெட்டி மூடியது. ஒரே இருட்டு. பனியன் கம்பெனியை வீடியோ எடுக்கப் போனவன் ஒரு கரடியின் வாழ்க்கை வரலாற்றை எடுத்திருந்தேன்.

மறுபடி எடுக்கலாம் என்றால், இத்தனை நேரம் பாரம் சுமந்த மோட்டார் ஈனசுரத்தில் முனகி அடங்கிவிட்டது. ஐந்து மணிக்குள் அனுப்பியாக வேண்டும். முதலாளி சாயப்பட்டறைக்குப் போயிருந்தார், வந்துவிடுவார்.

"குடுங்க கண்ணு" என்றார் லெவல் அண்ணன்.

முதல் வேலையாக ரப்பர் உறையைக் கழற்றினார். போனை இரண்டு கையாலும் நெஞ்சுக்கு நேராகப் பிடித்து, முழங்காலை லேசாக மடக்கி, பஸ்ஸில் நிற்பாரே, அதே நிலையில் நடக்க ஆரம்பித்தார். கட்டிங், தையல், செக்கிங், அயர்ன், கடைசியாக பேக்கிங். வழியில் டிராலி வந்தது, ஒயர் கிடந்தது, துணிக் கட்டு கிடந்தது. மனிதர் எண்ணெய் ஊற்றினாற்போலப் போனார். நான் பின்னாலேயே மூச்சைப் பிடித்துக்கொண்டு போனேன். போட்டுப் பார்த்தால், அப்படி ஒரு வீடியோ.

போனை என் கையில் கொடுத்துவிட்டு அவர் கேட்டது இவ்வளவுதான்: "மொதலாளிகிட்ட ஒரு வார்த்த, நான் புடிச்சதுன்னு மட்டும் சொல்லிருங்க தம்பி. வேலைக்கு வெச்சுக்கச் சொல்லியெல்லாம் நீங்க கேக்க வேண்டாமுங்க. இது தெரிஞ்சா அவராவே இருக்கச் சொல்லிருவாரு."

"கண்டிப்பா சொல்றேனுங்ணா" என்று அவர் கையைப் பிடித்துக்கொண்டு சொன்னேன்.

சாயங்காலம் வீடியோ காலில் பையர் வாயெல்லாம் பல்லாகப் பேசினார். இவ்வளவு வழவழப்பாக எடுத்திருக்கிறீர்களே, என்ன கருவி என்று கேட்டார். முதலாளி என் முகத்தைப் பார்த்தார். கண்ணாடிக் கதவுக்கு வெளியே லெவல் அண்ணன் நின்றுகொண்டிருந்தார். அவர் எடுத்தார் என்று சொன்னால், அப்புறம் கிம்பல் எங்கே என்று வரும். இரண்டு வாரப் பாண்டித்தியம் மேசை டிராயரில் செத்துக் கிடப்பது வெளியே வரும். என் வாய் கிம்பலின் பெயரைச் சொன்னது. மாடல் நம்பரையும் சேர்த்துச் சொன்னது. நினைத்தால் இன்றைக்கும் காது சுடுகிறது.

"தம்பி செலக்சன்னா செலக்சன்தான்" என்று முதலாளி முதுகில் தட்டினார். கண்ணாடிக்கு வெளியே லெவல் அண்ணன் எதுவும் கேட்காதவர்போலப் பெட்டி ஒட்டப் போய்விட்டார்.

நாளைக்குச் சொல்லலாம் என்றிருந்தேன். அப்புறம் திங்கட்கிழமை என்றிருந்தேன். அதற்குள் மாசம் முடிந்துவிட்டது. சீ, நானும் ஒரு மனிதன்! அத்தனை நாளில் ஒரு தடவைகூட "சொன்னீங்களா தம்பி" என்று அவர் கேட்கவில்லை. கடைசி நாள் ஒவ்வொரு மேசையாகத் தட்டிப் பார்த்துக்கொண்டு வந்தவர், என் மேசைக்கும் குனிந்தார். நான் காலைத் தூக்கிக்கொண்டேன்.

ஆறு மாதம் கழித்து ஒருவழியாக முதலாளியிடம் உண்மையைச் சொன்னேன். "அட ஏந்தம்பி, அப்பவே சொல்லியிருந்தீங்கன்னா அவரை எதுக்கு நிறுத்தறேன்?" என்றார். அவ்வளவுதான் விஷயம். ஒரு வார்த்தை.

அதற்குள் அவர் எங்கே போனாரென்று யாருக்கும் தெரியவில்லை. சில வருஷம் கழித்து, போன மாதம்தான், லெவல் அண்ணன் சாமளாபுரத்தில் ஒரு பேக்கரியில் வேலை பார்ப்பதாகக் கேள்விப்பட்டுப் போனேன். முன்னைவிட இளைத்திருந்தார். என்னைக் கண்டதும் "வாங்க கண்ணு, வாங்க வாங்க, ஊட்ல எல்லாரும் சௌக்கியமுங்களா" என்று டீயும் தேங்காய் பன்னும் கொண்டுவந்து வைத்தார். நான் எல்லாவற்றையும் ஒப்பித்துவிட்டு, "மன்னிச்சுக்குங்ணா" என்றேன். அவர் அதைக் காதில் வாங்கிக்கொண்டதாகவே தெரியவில்லை.

"அந்த வீடியோ இருக்குதுங்களா? நான் இன்னும் பாக்கவே இல்லீங்க."

இருந்தது. எத்தனை போன் மாற்றியும் நான் அதை அழிக்கவில்லை. துண்டில் கையைத் துடைத்துக்கொண்டு போனை வாங்கி, கண்ணுக்குப் பக்கத்தில் வைத்துப் பார்த்தார். கட்டிங் போனது, தையல் போனது, அயர்ன் போனது. பேக்கிங் வந்ததும் முகம் மாறியது.

"அடடா, இங்க பாருங்க, ஆடிருச்சு. நம்ம பொட்டி ஒட்டற மேசைங்க. இனி இங்க நிக்க முடியாதுன்னு நெனச்சேன் போல, கை கொஞ்சம் ஆடிருச்சுங்க. மன்னிச்சுக்குங்க கண்ணு."

அந்த ஆட்டம் என் கண்ணுக்குத் தெரியவே இல்லை. அவர் கையைப் பிடித்துக்கொள்ளலாம் என்று மேசையில் முழங்கையை ஊன்றினேன். மேசை ஆடியது. அவர் கை சட்டைப் பைக்குப் போனது. அவர் சொல்வதற்கு முன்பே இரண்டு காலையும் தூக்கிக்கொண்டு உட்கார்ந்தேன். அவர் எவ்வளவு நேரம் எடுத்துக்கொண்டாலும் அப்படியே உட்கார்ந்திருப்பது என்று முடிவு செய்துகொண்டேன்.