சீஸுக்கு வந்தவர்கள்

சேசு மரி சூசை துணை

பேத்துப்பாறை

பாசமுள்ள மச்சான் செபாஸ்டின் அவர்களுக்கு, உங்கள் தங்கை வீட்டுக்காரன் அருள்தாஸ் எழுதுவது. இங்கே நானும் அமலியும் சுகம். சுகம் என்றால் காய்ச்சல் இல்லை, அவ்வளவுதான். திண்டுக்கல்லில் நீங்களும் பிள்ளைகளும் நலமாயிருக்க மாதாவை வேண்டிக்கொண்டு விஷயத்துக்கு வருகிறேன். நம் குட்டியானை வண்டியை பேங்க்காரர்கள் கொண்டுபோய்விட்டார்கள். நடந்ததை எழுதி அனுப்பினால் உங்கள் வக்கீலய்யாவிடம் காட்டி வழி கேட்பதாகச் சொன்னீர்கள். எழுதுகிறேன். ஆனால் அவர் படிக்கும்போது நீங்கள் பக்கத்தில் நிற்க வேண்டாம்.

தவணை நின்றுபோனது உண்மை. பண்ணையிலிருந்து சீஸ் ஏற்றி கொடைக்கானல் கடைகளுக்குப் போடுவதுதான் என் பிழைப்பு. மழையில் ரோடு சரிந்து, சீசனும் படுத்தபிறகு நான் எதைக் கட்டுவேன்? ஆள் வருவார்கள் என்று பயந்து வண்டியை சர்ச்சுக்குப் பின்னால் கோழிக்கூண்டை ஒட்டி ஒளித்து வைத்தேன். கோழிகள் அதற்குள் முட்டையிட்டதுதான் மிச்சம்.

செவ்வாய்க்கிழமை வெள்ளனே இரண்டு பேர் வந்தார்கள். சட்டையை இன் பண்ணிய, மரியாதையான பையன்கள். "சீஸுக்கு வந்திருக்கோம்ணே" என்றார்கள். மச்சான், இந்த ஊரில் சீஸ் என்றால் திங்கிறதுதானே. வண்டியைப் பிடுங்குறதுக்கும் அதே பேருதான்னு நான் என்னத்தக் கண்டேன். உக்காரச் சொல்லி இஞ்சி டீ குடுத்தேன், வண்டி எங்கண்ணேன்னு கேட்டானுங்க, சீஸ் வண்டியிலதான் கெடக்கு வாங்க தம்பின்னு நானே கூட்டிப் போயி, கோழிய வெரட்டி, சாவியக் கையில குடுத்தேன், ஒரு தாள்ல கையெழுத்துக் கேட்டானுங்க, டெலிவரி சீட்டுன்னு போட்டேன், சாவியோட ஒரு போட்டோன்னானுங்க, சிரிச்சேன். அந்த ஏத்தத்துல ரிவர்ஸ் எடுக்க அவனுங்களுக்கு வரல, நானே ஏறி ரோடு வரைக்கும் எடுத்துக் குடுத்துட்டு எறங்கி, எத்தனை கிலோ வேணும்னு கேக்கையில வண்டி வத்தலக்குண்டு பாதையில போயிருச்சு.

போனில் நீங்கள் கேட்டதையெல்லாம் நினைத்தால் அழுகை வருகிறது. மிரட்டி, அடாவடியாக எடுத்திருந்தால் கேஸ் நிற்கும் என்றீர்கள். அண்ணே என்றுதான் கூப்பிட்டார்கள். ஆட்சேபம் தெரிவித்தீர்களா என்றீர்கள். பிஸ்கட் கொடுத்தேன். நோட்டீஸ் வந்தது, இங்கிலீஷில் இருந்ததால் படிக்கவில்லை. நான் கையெழுத்துப் போட்ட தாளில் முழுச் சம்மதத்தோடு ஒப்படைக்கிறேன் என்று இருக்கிறதாம். சம்மதம் சீஸுக்குத்தான் என்று நுகர்வோர் கோர்ட்டில் சொன்னால் எடுபடுமா? ஏலம் போடுமுன் நமக்குத் தகவல் தரணும், அதற்குள் பாக்கியைக் கட்டினால் மீட்கலாம் என்றீர்கள். பாக்கி கட்ட வண்டி ஓடணும், வண்டி ஓட பாக்கி கட்டணும், இதுக்குச் சட்டத்துல என்ன வழி இருக்கு மச்சான்? டீக்கடைத் திருமலைச்சாமி என்னைக் கண்டாலே சீஸ் என்று பல்லைக் காட்டுகிறான். வண்டி இல்லாமல் காலையில் எழுந்து எங்கே போவதென்றே தெரியவில்லை.

வக்கீலய்யாவுக்கு என் வணக்கம், பிள்ளைகளுக்கு என் முத்தம். கேஸை வெரசா போடச் சொல்லுங்கள். கர்த்தர் உங்கள் வீட்டு வாசலில் நல்லவர்களையே அனுப்பட்டும்.

இப்படிக்கு,
வண்டி இல்லாத உங்கள் மாப்பிள்ளை,
அருள்தாஸ்

பின்குறிப்பு: அண்ணே, நான் அமலி. தபால்ல போடச் சொல்லிக் குடுத்தாரு, படிச்சுட்டேன். கேஸ் ஒண்ணும் வேண்டாம்ணே. அந்தப் பையங்க வாசல்ல நிக்கையிலயே பேங்க் பேரைச் சொல்லித்தான் கேட்டாங்க. அன்னைக்கு வண்டியில சீஸும் இல்ல, காலி வண்டி. சாவிய குடுக்கிறதுக்கு முந்தி, கண்ணாடிக்குக் கீழ ஒட்டியிருந்த மாதா படத்தைக் கழட்டி சட்டைப்பையில வச்சுக்கிட்டாரு. சீஸ் வாங்க வந்தவங்களுக்கு யாராச்சும் அதைக் கழட்டுவாங்களா? ஒளிச்சு ஒளிச்சு மனுசனுக்கு அலுத்துப்போச்சு. அங்க எங்கயாச்சும் டிரைவர் சோலி இருந்தா சொல்லுங்க. போன்ல இந்தக் கதையைச் சொன்னாருன்னா, நீங்களும் நம்புன மாதிரி சிரிச்சிருங்கண்ணே.