பஞ்சநாதனின் குரல்வளம்

நாடகக் கலை உலகத்தில் எங்கே பிறந்தது என்று படித்தவர்கள் இன்னும் சண்டை போட்டுக்கொண்டிருக்கிறார்கள். அது எங்கே பூரணம் பெற்றது என்பதில் சண்டைக்கே இடமில்லை. புதுச்சேரி முத்தியால்பேட்டையில், தறி ஓட்டம் நின்றுபோன ஒரு ஓட்டுக் கொட்டகையில், ஆயிரத்துத் தொள்ளாயிரத்து ஐம்பத்து நாலு முதல் அறுபத்திரண்டு வரை அது பூரணம் பெற்றது. பெண்ணை மேடையில் ஏற்றாமலே பெண் பாத்திரத்தை வளர்த்தெடுத்த கலைக்கோயில் அது. அங்கே இயங்கிய நாடக சபாவின் 'விளக்குப் பொறுப்பாளர்' என்ற உயர்ந்த பதவியில் எட்டு வருஷம் இருந்தவள் என்பதால் எனக்கு இதைச் சொல்லத் தகுதி உண்டு கண்ணுங்களா. மேடைக்குப் பின்னால் கரண்ட் கிடையாது. லாந்தர் பிடிக்க ஒரு ஆள் வேண்டும். அந்த ஆள் நான்.

எங்கள் சபாவின் தேசபக்தி சாதாரணமானதல்ல. ஐம்பத்து நாலு அக்டோபர் கடைசி வரை வாசல் பலகையில் 'பிரெஞ்சிந்திய மித்திர நாடக சபா' என்று இருந்தது. நவம்பர் முதல் தேதி காலையில் வெள்ளைக்காரன் அதிகாரத்தைக் கொடுத்துவிட்டான் என்று கேள்விப்பட்டதும், திரைச்சீலை எழுதும் உசேன் பாய் அதே பலகையைத் திருப்பி, பின்பக்கத்தில் 'பாரத சேவா நாடக சபா' என்று எழுதி மாட்டினார். பலகைக்கு இரண்டு பக்கம் இருப்பது எதற்காக? அதுவரை 'முசியே ராஜாங்கம்' என்று கூப்பிட்டால்தான் திரும்பிப் பார்த்த எங்கள் தலைவர், அன்று மதியத்திலிருந்து 'ராஜாங்கம்ஜி' ஆனார். மேரி என்று நாங்கள் சொல்லும் நகரசபை ஆபீஸில் பிறப்பு இறப்புப் பதியும் குமாஸ்தா அவர். நாடகங்களை எழுதுவதும் அவரே. கடல் கடந்து போன ராஜாவுக்காகக் காத்திருந்த மரகதவல்லி ராணி, ஒரே இரவில் சுதந்திரத்துக்காகக் காத்திருக்க ஆரம்பித்தாள். வசனத்தில் இரண்டு வார்த்தைதான் மாற வேண்டியிருந்தது.

அந்த ராணி வேஷம் பஞ்சநாதனுடையது. வயசு நாற்பத்து மூன்று, நாலு பிள்ளைகள். மீசையை மழித்து, புடவை கட்டி, இடுப்பை ஒரு பக்கமாக ஒடித்து நின்றால் பெண்களே பொறாமைப்படுவார்கள் என்று அவரே சொல்லியிருக்கிறார். ஆனால் விடுதலை நாளன்று ஒரு விபத்து நடந்துவிட்டது. மற்றவர்கள் ஏழெட்டு வருஷமாகத் தெருவில் அடி வாங்கிக் கத்திய 'ஜெய் ஹிந்த்'தை, பஞ்சநாதன் பாக்கி வைக்காமல் ஒரே பகலில் கத்தி முடித்தார். சாயங்காலம் தொண்டை கிழிந்தது. கிழிந்தது கிழிந்ததுதான். அப்புறம் அவர் பேசினால் காய்ந்த பனையோலையை இழுப்பது போலக் கேட்கும்.

செயற்குழு அவசரமாகக் கூடியது. அப்போதுதான் அஞ்சலாட்சியின் பெயர் அடிபட்டது.

அஞ்சலாட்சிக்கு அப்போது பதினாலு வயசு. தகப்பன் அம்மாவாசை கடலுக்குப் போய்த் திரும்பாதவர். தாய் தில்லையம்மாள் பிள்ளைச்சாவடியிலிருந்து தினமும் மீன்கூடையைத் தலையில் வைத்து டவுனுக்கு நடக்கிறவள். அந்தக் கூடை மகள் தலைக்கு ஏறக்கூடாது என்று பள்ளிக்கூடத்துக்கு அனுப்பினாள். பெண் தடங்கல் இல்லாமல் வாசிப்பாள் என்பதால், நடிகர்கள் வசனம் மறந்தால் படுதாவுக்குப் பின்னாலிருந்து எடுத்துக் கொடுக்க சபாவில் வைத்திருந்தார்கள். எல்லாப் பாத்திரங்களின் வசனமும் அவளுக்கு மனப்பாடம். குரலோ, கேட்கிறவர்கள் கையிலுள்ள வேலையைக் கீழே வைத்துவிடுவார்கள்.

"அந்தப் பொண்ணையே மேடையில ஏத்திட்டா என்னங்க?" என்று உசேன் பாய் கேட்டுவிட்டார்.

தலைவர் மூக்குக் கண்ணாடியைக் கழற்றினார். "பாய், பொம்பள வேஷத்துல பொம்பளையே வந்தா அதுல நடிப்பு எங்க இருக்குது?"

"இல்லீங்க, ஜனங்க பாக்கறதுக்கு..."

"மாட்டு வேஷத்துக்கு மாட்டையா ஓட்டிக்கிட்டு வரோம்? ரெண்டு பேரு போர்வையப் போத்திக்கிட்டுத்தான வராங்க? அதுக்குப் பேருதான் கலை."

தீர்மானம் நிறைவேறியது: 'ராணியின் உருவம், ஸ்ரீ பஞ்சநாதன். ராணியின் குரல், தற்காலிக ஏற்பாடு.' அந்தத் தற்காலிகம் எட்டு வருஷம் நடந்தது. மேடையில் பஞ்சநாதன் வாயை அசைப்பார். படுதாவுக்குப் பின்னால் ஒரு பலகையில் அஞ்சலாட்சி உட்கார்ந்து பேசுவாள், சிரிப்பாள், அழுவாள். பக்கத்தில் நான் லாந்தரைப் பிடித்துக்கொண்டிருப்பேன். ராணி மகனைப் பறிகொடுக்கிற காட்சியில் அவள் கண்ணீர் நோட்டுப் புத்தகத்தில் சொட்டும். எழுத்து கரையக்கூடாதே என்று புத்தகத்தை நகர்த்தி வைப்பேன். என்னுடைய கலைத் தொண்டு அது.

ஊருக்கு இது தெரியாது என்று சொல்லமாட்டேன். தெரிந்தும் தெரியாத மாதிரி இருந்தார்கள். நடிப்புக் கலை எங்கள் ஊரில் பார்க்கிறவர்களிடமும் அவ்வளவு செழித்திருந்தது. அரியாங்குப்பத்திலிருந்து ஆற்றைத் தாண்டி வந்து, "பஞ்சநாதனுக்கு என்னா குரல்வளம்!" என்று மாலை போட்டார்கள். தில்லையம்மாள் மட்டும் ஒவ்வொரு நாடகமும் முடிந்ததும் கேட்பாள்.

"நீ எந்த சீன்ல வந்த?"

"எல்லா சீன்லயும் வந்தம்மா."

"என் கண்ணுக்குத் தெரியலியேடி."

வருஷா வருஷம் அஞ்சலாட்சி தலைவரிடம் போய் நிற்பாள். "ஐயா, இந்த வருஷமாவது ஒரே ஒரு சீனு. தோழி வேஷமானாலும் சரி. என் மூஞ்சியோட நாலு வார்த்தை பேசிடறேன்."

"அடுத்த நாடகம் ஒனக்குத்தான்" என்பார் தலைவர். ராணி சுதந்திரத்துக்குக் காத்திருந்த மாதிரி இவளும் காத்திருந்தாள். ராணிக்காவது கடைசிக் காட்சியில் கிடைத்தது.

அறுபத்திரண்டு ஆகஸ்டில் பிரெஞ்சுக்காரர்கள் சட்டப்படியும் ஊரை ஒப்படைத்தார்கள். தாங்கள் விட்டுப் போன ஊர் எப்படி இருக்கிறது என்று காட்ட, பாரீஸிலிருந்து டெலிவிஷன்காரர்கள் மூன்று பேர் காமிராவோடு வந்தார்கள். உள்ளூர் நாடகம் ஒன்றும் வேண்டும் என்றார்களாம். டெலிவிஷன் எப்படி இருக்கும் என்று எங்களில் யாருக்கும் தெரியாது. "மூஞ்சும் குரலும் ஒண்ணா வீட்டுக்குள்ள வரும்" என்று தலைவர் விளக்கினார். அஞ்சலாட்சி அந்த வாக்கியத்தை மட்டும் பிடித்துக்கொண்டாள்.

உசேன் பாய் பலகையை மறுபடி திருப்பினார். ராஜாங்கம்ஜி மறுபடி முசியே ஆனார், மொழிபெயர்ப்பாளரும் ஆனார். காதில் விழும் பிரெஞ்சு அவருக்குக் கொஞ்சம் புரியும். வாயில் வருவது மட்டும் முப்பது வருஷம் பதிவேட்டில் எழுதியதுதான். புடவையும் பொட்டுமாக வந்து நின்ற பஞ்சநாதனைக் காட்டி, "யார் இந்த அம்மாள்?" என்று தாடி வைத்த டைரக்டர் கேட்டார். தலைவர் தயங்காமல் பிரெஞ்சில் பதில் சொன்னார்: "ஆண். விவாகமானவர். குழந்தைகள் நால்வர். உயிரோடு இருக்கிறார்." டைரக்டர் பஞ்சநாதனை ஒரு சுற்று சுற்றி வந்து பார்த்தார்.

நாடகம் ஆரம்பித்தது. அவர்களில் ஒருவர் காதில் ஏதோ மாட்டி, கையில் நீளமான மைக்கைப் பிடித்திருந்தார். ராணி பேசப் பேச அவர் முகம் சுருங்கியது. மைக்கைப் பஞ்சநாதனின் வாய்க்கு நேராக நீட்டினார், தலையை ஆட்டினார். அப்புறம் குரல் வந்த பக்கமாகவே நடந்தார். மேடை ஏறினார். ராணியைத் தாண்டினார். படுதாவைத் தூக்கினார். அங்கே ஒரு பெண்ணும் ஒரு நோட்டும், லாந்தரோடு நானும். ஊரே எட்டு வருஷம் கஷ்டப்பட்டுக் கண்டுபிடிக்காமல் வைத்திருந்ததை, அந்த மைக் கம்பி இரண்டே நிமிஷத்தில் கண்டுபிடித்துவிட்டது.

டைரக்டருக்கு ஒரே குஷி. மறுநாள் காலை அஞ்சலாட்சியைக் கடற்கரைக்கு வரச் சொன்னார். வேஷம் என்ன என்று கேட்டால், தலையில் மீன்கூடை வைத்து நடக்க வேண்டுமாம். கூடையைக் கேட்டதும் தில்லையம்மாளுக்கு வந்ததே கோபம்.

"இவ தலையில இது ஏறக்கூடாதுன்னுதான் இத்தினி வருஷமா அஞ்சு மைலு நடக்கறேன். ஒருத்தன் கப்பலேறி வந்து ஏத்தறானா?"

"உடும்மா. மூஞ்சாவது தெரியட்டும். அப்பறம் பேசவும் உடுவாங்களாம்."

தில்லையம்மாள் கூடையைக் கொடுத்தாள். சும்மாடு சுற்ற அஞ்சலாட்சிக்குத் தெரியவில்லை. தாயே சுற்றி வைத்தாள், மகள் முகத்தைப் பார்க்காமல். அஞ்சலாட்சி பதினோரு தடவை நடந்தாள். அப்புறம் மைக்கை அவள் முன்னால் நீட்டி, உன் பாஷையில் ஏதாவது பேசு என்றார்கள்.

அவள் நேராகக் காமிராவைப் பார்த்தாள்.

"என் பேரு அஞ்சலாட்சி. எட்டு வருஷமா ராணி பேசனதெல்லாம் நான்தான். சிரிச்சது நான், அழுதது நான். ஜனங்க கை தட்டனது எனக்குக் கேட்டுச்சு, படுதாவுக்கு இந்தாண்ட. எங்க அம்மா கண்ணுக்கு நான் தெரியவே இல்ல. இதுல மூஞ்சும் குரலும் ஒண்ணா வரும்னாங்க. அதுக்காவத்தான் கூடையத் தூக்கனேன்."

தலைவர் தொண்டையைச் செருமி மொழிபெயர்த்தார்: "பெயர் அஞ்சலாட்சி. பெண். தகப்பனார் அம்மாவாசை, காலமானார். விவாகம் ஆகவில்லை. அசலுக்கு ஒத்த நகல்."

"மெர்சி" என்று நன்றி சொன்னார் டைரக்டர். கூடவே இன்னும் ஏதோ சொன்னார். தலைவர் முகம் மலர்ந்தது. "நீ நடந்து வர்றதுக்குப் பாரீஸ்ல பெரிய நடிகை ஒருத்தங்க பிரெஞ்சுல குரல் குடுப்பாங்களாம்! யாருக்குக் கெடைக்கும்?"

அஞ்சலாட்சி கூடையை இறக்கினாள். "அவங்களுக்கு அங்க லாந்தர் யாருங்கையா புடிப்பாங்க?"

இப்படியாகப் புதுச்சேரியின் முதல் டெலிவிஷன் நடிகை தோன்றினாள். ஊரில் ஒரு டெலிவிஷன்கூட இல்லாதது அவள் புகழைப் பாதிக்கவில்லை. யாரும் பார்க்காத ஒன்றைப் பாராட்டுவதில் எங்களுக்குப் பழக்கம் இருந்தது. அடுத்த மாதம் ஆண்டு விழா. சாயங்காலம் ஆறு மணிக்கு அஞ்சலாட்சிக்குப் பொன்னாடை, அதைத் தொடர்ந்து மரகதவல்லி நாடகம். நோட்டீஸில் அச்சடித்தார்கள்: 'டெலிவிஷன் தாரகை செல்வி அஞ்சலாட்சி, நிகழ்ச்சி முடியும்வரை முன் வரிசையில் அமர்ந்து சிறப்பிப்பார்.'

சிரிக்காதீர்கள் கண்ணுங்களா. அவர்கள் முட்டாள்கள் அல்ல. எட்டு வருஷம் ஒரு பொய்யைச் சொல்லிச் சொல்லி, குரல் பஞ்சநாதனுடையது என்று செயற்குழுவே மனதார நம்பிவிட்டது. பஞ்சநாதனும் நம்பியிருந்தார். விழா அன்று காலையில் தொண்டைக்குப் பனங்கற்கண்டு போட்டுக்கொண்டதை நானே பார்த்தேன்.

ஏழு பேர் பேசினார்கள். அவளை உருவாக்கியது தாமே என்று ஏழு பேரும் தனித்தனியாக நிரூபித்தார்கள். நேரமாகிவிட்டதால் அவளைப் பேசச் சொல்லவில்லை. பொன்னாடையோடு கொண்டுபோய் முன் வரிசை நாற்காலியில் உட்கார வைத்தார்கள். முன் திரை உயர்ந்தது. ராணி வந்தாள். இடுப்பை ஒடித்தாள், கையை உயர்த்தினாள், வாயைத் திறந்தாள்.

பின்னால் நான் லாந்தரைப் பிடித்துக்கொண்டிருக்கிறேன். பலகை காலி.

ராணியின் வாய் அசைந்தது. மூடியது. மறுபடி அசைந்தது.

"சத்தம் எங்கப்பா?" என்று பின்னாலிருந்து ஒருவர் கத்தினார்.

தலைவர் குனிந்து குனிந்து முன் வரிசைக்கு ஓடினார். "எழுந்திரும்மா, பின்னால வா, சீக்கிரம்."

"நோட்டீஸ்ல போட்டுருக்கீங்களே ஐயா" என்றாள் அவள், பொன்னாடையைச் சரி செய்துகொண்டே. "முடியற வரைக்கும் உக்காந்து சிறப்பிக்கணும்னு."

"சத்தம் எங்கடா?" என்று இப்போது பத்துப் பேர்.

தரையில் உட்கார்ந்திருந்த தில்லையம்மாள் எழுந்து நின்றாள். மார்க்கெட்டில் வஞ்சிரம் கூவுகிற அதே குரல். "சத்தமா? இந்தா, முன்னாடி உக்காந்துருக்குது பாரு! என் கண்ணுக்கு நல்லாத் தெரியுது!"

அன்று கொட்டகை சிரித்த சிரிப்பில் ஓடுகள் மிஞ்சியது ஆச்சரியம்.

அஞ்சலாட்சி அப்புறம் சென்னையில் வானொலி நாடகத்தில் நடிக்க எழுதிப் போட்டாள். இத்தனை வருஷம் நடித்தவர் என்று சபாவிலிருந்து ஒரு கடிதம் வாங்கி வரச் சொன்னார்கள். செயற்குழு கூடி, ஒரு வரியில் பதில் எழுதியது. அதைத் தீர்மானப் புத்தகத்திலும் பதிந்து எல்லாரும் கையெழுத்துப் போட்டார்கள். எனக்கு எழுதப் படிக்கத் தெரியாது. லாந்தர் பிடிக்கிறவளுக்கு எழுத்து எதற்கு? கைநாட்டு வைத்தேன். என்ன எழுதியிருக்கிறது என்று கேட்கக்கூட இல்லை.

பயப்படாதீர்கள், அங்கே கடிதத்தைப் பிரிக்கும் முன்பே அவளைப் பேசச் சொல்லிவிட்டார்கள். வேலை கிடைத்தது. முதல் நாடகம் ஒலிபரப்பானபோது, முத்தியால்பேட்டை டீக்கடையில் ரேடியோவைச் சுற்றி நின்றவர்கள் ஒரு குரலாகச் சொன்னார்கள்: "இந்தப் பொண்ணு அப்பிடியே பஞ்சநாதனைக் காப்பியடிக்குது!"

அந்த வாரம்தான் உசேன் பாயிடம் பலகை வண்ணத்தில் அ, ஆ எழுதிப் பழக ஆரம்பித்தேன். எழுத்துக் கூட்ட வந்ததும் முதல் வேலையாக சபாவின் தீர்மானப் புத்தகத்தைத் திறந்தேன். அந்த ஒரு வரியைப் படிக்க எனக்கு அரை மணி நேரம் பிடித்தது.

'செல்வி அஞ்சலாட்சி என்பவர் எமது சபாவின் மேடையில் ஒரு நாளும் நடிக்கவில்லை.'

எங்கள் சபா எழுதியவற்றிலேயே பொய் கலக்காத ஒரே வரி அது. அதற்குக் காரணமானவர்கள் யார் யார் என்று கீழே வரிசையாகக் கையெழுத்துப் போட்டிருந்தது. கடைசியில் என் கட்டைவிரல்.